மூணு ஷிஃப்ட்டு, ஒரு லைசென்ஸ்

போன சனிக்கிழமை எங்கள் புதுச்சேரி மேட்டுப்பாளையத்தில், பிளாஸ்டிக் மூடி செய்யும் ஒரு கம்பெனியின் ஆபீஸ் அறையில், என்னை ரோலிங் சேரில் உட்கார வைத்தார்கள். அது முதலாளியின் சேர். முதலாளி எனக்கு எதிரே ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டார்.

"எக்ஸ்பர்ட்டுக்கு இன்னாய்யா வாங்கித் தரலாம்? காப்பியா, கூல்டிரிங்க்ஸா?" என்று அங்கே வேலை பார்க்கும் என் அண்ணனைக் கேட்டார்.

அந்த எக்ஸ்பர்ட் நான்தான்.

எதில் எக்ஸ்பர்ட்? தொழிற்சாலைகளில் போடும் கம்ப்யூட்டர் சாஃப்ட்வேருக்கு லைசென்ஸ் வாங்குவது எப்படி என்பதில். சிரிக்காதீர்கள். அந்த விஷயத்தைப் பற்றி இந்தப் புதுச்சேரியில் என்னைவிட அதிகமாக எழுதியவர் யாரும் இருக்க முடியாது. எழுதியதற்கும் தெரிந்திருப்பதற்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்டால்... அதைச் சொல்லத்தான் வந்தேன்.

நான் ஒரு ஆபீஸில் கன்டென்ட் ரைட்டர் என்பது இந்தப் பக்கத்தை வாராவாரம் படிப்பவர்களுக்குத் தெரியும். அங்கே என்னதான் செய்கிறேன் என்று இதுவரை நான் விவரமாகச் சொன்னதில்லை. சொன்னால் மரியாதை போய்விடும் என்று ஒரு பயம்தான். இன்றைக்குச் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் ஆபீஸ் நெல்லித்தோப்பில் ஒரு ஸ்வீட் கடைக்கு மேலே மாடியில் இருக்கிறது. அமெரிக்காவிலிருந்தோ கனடாவிலிருந்தோ ஒரு கட்டுரை வரும். ஏற்கெனவே யாரோ எழுதியது. அதைப் புதுக்கட்டுரை மாதிரி ஆக்கித் தர வேண்டும். ஒரே கட்டுரை இன்டர்நெட்டில் இரண்டு இடத்தில் இருந்தால், தேடிக் கொடுக்கும் மெஷின் இரண்டாவதை ஓரம் கட்டிவிடுமாம். அதனால் விஷயம் அதேதான், வார்த்தை மட்டும் வேறு.

இதற்கு ஒரு விதி உண்டு. ஒரிஜினலில் சேர்ந்து வந்த மூன்று வார்த்தைகள் நம்முடையதிலும் சேர்ந்து வரக் கூடாது. வந்தால் அந்த இடத்தில் கம்ப்யூட்டர் மஞ்சள் பூசிவிடும். மஞ்சள் இருந்தால் கட்டுரை திரும்பி வரும். கட்டுரை திரும்பி வந்தால், எங்கள் டீம் லீடர் ஜெயந்தி மேடம் என் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்று மூச்சு விடுவார். திட்ட மாட்டார். மூச்சு மட்டும்தான்.

புரியும்படி தமிழிலேயே சொல்கிறேனே.

"அம்மா சோறு போட்டாள்." இது ஒரிஜினல்.

"அன்னை அன்னம் இட்டாள்." இது முதல் ரவுண்டு. பரவாயில்லை, கல்யாணப் பத்திரிகை வாசனை அடிக்கிறது, அவ்வளவுதான்.

"ஈன்றவள் ஆகாரத்தை வீசினாள்." இது மூன்றாவது ரவுண்டு. அந்த வீட்டில் ஏதோ சண்டை நடக்கிறது. ஆனால் மஞ்சள் இல்லை. கட்டுரை பாஸ்.

இப்படித்தான் குதிரைச் சேணம் பற்றி எழுதினேன். பல் வெளுப்பது பற்றி எழுதினேன். கனடாவில் வீட்டுக்கடன் வாங்குவது பற்றியும் எழுதினேன். பொங்கலுக்குப் பிறகு வந்து சேர்ந்ததுதான் இந்த ஃபேக்டரி சாஃப்ட்வேர் லைசென்ஸ். யாரோ ஒரு புண்ணியவானுக்கு அந்தத் தலைப்பில் எத்தனை கட்டுரை கொடுத்தாலும் போதவில்லை. நான் மாற்றி எழுதியதை அடுத்த வாரம் எனக்கே அனுப்பி, இதை மாற்று என்பார்கள். அதையும் மாற்றிக் கொடுத்தால், அதற்கடுத்த வாரம் அதுவே திரும்ப வரும். என் எழுத்துக்கு நானே ஓரகத்தி ஆகிவிட்டேன்.

இவ்வளவு எழுதிய எனக்கு லைசென்ஸ் பற்றி என்ன தெரியும்? அது ஒன்று இருக்கிறது என்று தெரியும்.

வீட்டில் கதை வேறு. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முடித்து காலேஜையும் முடித்தவள் நான் ஒருத்திதான். பி.ஏ. இங்கிலீஷ் லிட்டரேச்சர். அதில் எனக்குப் பெருமை உண்டு. அடக்கமாக இரு என்று சொல்லாதீர்கள்... முடியாது. அப்பா மில்லில் தறி ஓட்டியவர். பெயரை எழுதச் சொன்னால் வரைவார். அண்ணன் ஏழுமலை ஆறாம் வகுப்போடு நின்றவன். படிப்பு ஏறவில்லை என்பது அவன் தரப்பு. நோட்டு வாங்க முடியவில்லை என்பது அம்மாவின் தரப்பு. இரண்டையும் நான் நம்புகிறேன்.

அதனால் முதலியார்பேட்டையில் எங்கள் தெருவுக்கு வருகிற எந்த இங்கிலீஷ் காகிதமும் முதலில் என் கைக்குத்தான் வரும். கேஸ் கனெக்‌ஷன், பேங்க் நோட்டீஸ், ஆஸ்பத்திரிச் சீட்டு, எதுவானாலும் சரி. எதிர்வீட்டு அக்கா ஒருநாள் பிரான்ஸிலிருந்து வந்த பென்ஷன் கடிதத்தையே கொண்டு வந்துவிட்டார். அவர் மாமனார் பிரெஞ்சுப் பட்டாளத்தில் சிப்பாயாக, எங்கள் ஊர் பாஷையில் சொல்தாவாக, இருந்தவர்.

"அக்கா, இது பிரெஞ்சுக்கா."

"எழுத்து ஒண்ணுதானம்மா?"

எழுத்து ஒன்றுதான். மறுக்க முடியவில்லை. மேலும் கீழும் பார்த்துவிட்டு, "பத்திரமா வெச்சுக்கங்கக்கா" என்றேன். எந்த மொழியில் வந்த எந்தக் காகிதத்துக்கும் பொருந்துகிற பதில் அது.

கவனித்தீர்களா? "தெரியாது" என்று நான் சொல்லவில்லை. ஒரு காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு அந்த வார்த்தையை நான் யாரிடமும் சொன்னதே கிடையாது. தெரியாது என்று சொல்வதற்கு எங்கள் வீட்டில் ஏற்கெனவே ஆள் இருக்கிறார்கள். அதற்காகவா என்னைப் படிக்க வைத்தார்கள்?

வெள்ளிக்கிழமை சாயங்காலம் அண்ணன் வந்து பக்கத்தில் உட்கார்ந்தான். ஏதோ கேட்கப் போகிறான் என்றால் முதலில் என் செல்போனை எடுத்துத் துடைப்பான். துடைத்தான்.

"செல்வி, நாளைக்கு லீவுதான ஒனக்கு?"

"ஏன்?"

"மொதலாளி ஒன்ன வரச் சொன்னாரு."

"என்னயா? எதுக்குண்ணா?"

"சாஃப்ட்வேர் வாங்குறாரு. அதுல லைசென்ஸு கொழப்பமாம். என் தங்கச்சிக்கு அதான் வேலையே, அமெரிக்காக்காரனுக்கே அது எழுதித்தான் போவுதுன்னு சொல்லிட்டேன்."

சொல்லிவிட்டான். இன்றைக்கு நேற்றல்ல, நான் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அந்தக் கம்பெனியில் இதையே சொல்லிக்கொண்டிருக்கிறான் என்பது அப்போதுதான் தெரிந்தது.

விஷயம் இதுதான். இவர்களிடம் மூடி வாங்கும் பெரிய கம்பெனி ஒன்று, எந்த ஷிஃப்ட்டில் எத்தனை மூடி, எத்தனை கழிவு என்று கம்ப்யூட்டரில் கணக்கு கேட்கிறது. அதற்கு ஒரு சாஃப்ட்வேர். கம்ப்யூட்டர் ஒன்று, ஷிஃப்ட்டு மூன்று. காலை ஷிஃப்ட்டில் முதலாளியின் மச்சான் பையன் சுரேஷ் உட்காருவான். மதிய ஷிஃப்ட்டில் என் அண்ணன். ராத்திரிக்கு இன்னொருவர்.

மோல்டிங் மெஷின் முன்னால் பத்து வருஷத்துக்கும் மேல் நின்றவன் அவன். முதலாளி அவனிடம், "இனிமே நீ ஒக்காந்து வேல பாருய்யா" என்று சொல்லியிருக்கிறார். அந்த ஒரு வார்த்தைக்காக என் அண்ணன் எனக்குத் தெரியாமல் பிரவுசிங் சென்டர் போய், இரண்டு விரலால் டைப் அடிக்கக் கற்றுக்கொண்டிருக்கிறான். என்னிடம் கேட்டிருந்தால் நானே சொல்லிக் கொடுத்திருப்பேன். கேட்க வெட்கமாம்.

இதற்கு நடுவில் சுரேஷ் ஒரு குண்டைப் போட்டான். லைசென்ஸ் என்றால் ஒரு ஆளுக்குத்தான், வேறு யாராவது தொட்டால் கேஸ் ஆகிவிடும், மற்ற ஷிஃப்ட்டுக்காரர்கள் பேப்பரில் எழுதி வைத்தால் போதும், காலையில் வந்து நானே ஏற்றிவிடுகிறேன் என்று.

ஆக, அண்ணனுக்கு நாற்காலியா, மெஷினா? அதை நான் போய்ப் படித்துச் சொல்ல வேண்டும்.

அப்போதே சொல்லியிருக்கலாம். "அண்ணா, நான் வார்த்தையைத்தான் மாத்துறேன், விஷயம் எனக்குத் தெரியாது" என்று. அவன் என் செல்போனை இன்னும் துடைத்துக்கொண்டிருந்தான்.

"சரிண்ணா, வர்றேன்" என்றேன்.

அன்று ராத்திரி சாப்பிட்டதும், நான் எழுதிய கட்டுரைகளின் பிரின்ட்டவுட்டை எடுத்து வைத்துப் படித்தேன். மாற்றுவதற்காக இல்லாமல், புரிந்துகொள்வதற்காக என் எழுத்தை நான் படித்தது அதுதான் முதல் தடவை.

பாவம், படிக்கிறவர்கள்.

சனிக்கிழமை கம்பெனிக்குள் நுழைந்ததும் சூடான பிளாஸ்டிக் வாசனை. மெஷின்கள் ஒவ்வொரு தடவை வாயைத் திறக்கும்போதும் பொலபொலவென்று நீல மூடிகள். எல்லாரும் ஒரு நிமிஷம் நிமிர்ந்து என்னைப் பார்த்தார்கள். அண்ணன் சட்டையை இன் பண்ணியிருந்தான். நான் அவனை அப்படிப் பார்த்ததே இல்லை.

முதலாளி பெயர் சிவக்கொழுந்து. நல்ல மனுஷர். யார் வந்தாலும் ஒரு தண்ணீர் பாட்டில் கொடுப்பார். நீங்கள் குடிக்கிறீர்களா என்று பார்க்க மாட்டார். மூடி சுலபமாகத் திறக்கிறதா என்று பார்ப்பார். நான் திறந்தேன். திருப்தியாகத் தலையாட்டினார்.

சாஃப்ட்வேர் விற்கிறவர் சென்னையிலிருந்து வந்திருந்தார். பிரசன்னா என்று பெயர். என் வயசுதான் இருக்கும். மேட்டுப்பாளையத்து மே மாத வெயிலில் டை கட்டியிருந்தார். அதற்காகவே ஒரு சாஃப்ட்வேர் வாங்கலாம்.

"சார், இவங்கதான் நம்ம ஏழுமல தங்கச்சி. லைசென்ஸு எக்ஸ்பர்ட்டு" என்றார் முதலாளி.

"ஓ... நைஸ் மீட்டிங் யூ மேடம். நம்மளோடது ரொம்ப ஃப்ளெக்ஸிபிள் சொல்யூஷன் மேடம்."

ஃப்ளெக்ஸிபிள்! எனக்கு உயிர் வந்தது. அந்த வார்த்தையோடு நான் ஜனவரியிலிருந்து குடும்பம் நடத்துகிறேன்.

"அடாப்டபிள்?" என்றேன்.

"ஆமா மேடம், அடாப்டபிள்."

"வெர்சடைல்?"

"ரொம்பவே வெர்சடைல் மேடம்."

மூன்றும் ஒரே அர்த்தம்தான். எனக்கு இதே வரிசையில் இன்னும் நாலைந்து தெரியும். ஆனால் அறையில் ஒரு மரியாதை உண்டாகிவிட்டது. முதலாளி பட்டிமன்றம் கேட்பது மாதிரி அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். கதவோரம் நின்ற அண்ணன், எதிர் மூலையில் நின்ற சுரேஷைப் பார்த்தான். சொன்னேன்ல என்று அர்த்தம். பஜ்ஜி வந்தது.

எவ்வளவு நேரம் இப்படி ஓட்டியிருப்பேன்? பஜ்ஜி தீரும் வரை ஓட்டியிருப்பேன். முதலாளிதான் குறுக்கே வந்தார்.

"அதெல்லாம் இருக்கட்டும். எனக்கு ஒண்ணு தெரியணும். ஒரு கம்ப்யூட்டரு, மூணு ஷிஃப்ட்டு, மூணு ஆளு மாறி மாறி ஒக்காருவான். அது கூடுமா, கூடாதா?"

"அது இதுல தெளிவா இருக்கு சார்" என்று பிரசன்னா ஒரு வழவழப்பான தாளை எடுத்தார். மேலே அவர்கள் கம்பெனியின் படம், கீழே இங்கிலீஷ். "அக்ரிமென்ட்டும் இதை வெச்சுதான் சார் போட்டிருக்கோம். படிச்சுப் பாத்துட்டு சைன் பண்ணிடலாம்."

முதலாளி தாளை வாங்கி அப்படியே என்னிடம் நீட்டினார்.

"படிச்சு சொல்லு பாப்பா. நீ கூடும்னா கூடும், கூடாதுன்னா கூடாது."

படித்தேன். முதல் பத்தி படிக்கும்போதே எங்கேயோ படித்த மாதிரி இருந்தது. இரண்டாவது பத்தியில் ஒரு வரி. அதைத் தமிழில் சொன்னால் இப்படி வரும்: "உற்பத்திக் களத்து மென்கருவிக்கான அனுமதியானது, அதை இயக்கும் நபரோடு இதமாகக் குடியிருக்கும்."

இதமாக.

உலகத்தில் எந்த எக்ஸ்பர்ட்டும் லைசென்ஸை இதமாகக் குடிவைக்க மாட்டார். அந்த வார்த்தையைப் போட்டது நான். எந்த ஒரிஜினலிலும் அது கிடையாது. அந்த வரியில் மஞ்சள் போகவே மாட்டேன் என்று அடம் பிடித்தது. மூன்று வார்த்தையை உடைக்க நடுவில் ஒரு வார்த்தை வேண்டியிருந்தது. கீழே கடையில் மைசூர்பாகு கிளறிக்கொண்டிருந்தார்கள். மனசு இதமாக இருந்தது. போட்டுவிட்டேன்.

அது அமெரிக்கா போய், யாரோ அதை இன்டர்நெட்டில் ஏற்றி, யாரோ அதை இறக்கி, சென்னையில் கலரில் அச்சடித்து, டை கட்டிய ஒருவர் கையில் கொடுத்து, என் அண்ணன் வேலை பார்க்கும் இடத்துக்கே அனுப்பிவிட்டார்கள்.

"இன்னா போட்டிருக்கு பாப்பா?"

போட்டிருந்ததைச் சொல்வதென்றால், லைசென்ஸ் ஆளோடு இருக்கும். அதாவது சுரேஷ் சொன்னதே சரி. அண்ணன் மெஷினுக்குத் திரும்ப வேண்டியதுதான். என் சொந்த வரியை வைத்தே.

முதல் கட்டுரையில் அந்த இடத்தில் என்ன இருந்தது? ஆளா, கம்ப்யூட்டரா? எவ்வளவு யோசித்தும் நினைவுக்கு வரவில்லை. எந்த ரவுண்டில் எதை எதுவாக மாற்றினேன் என்று யாருக்குத் தெரியும்?

சுரேஷ் மூலையிலிருந்து எட்டிப் பார்த்தான். "நபர்னுதான போட்டிருக்கு? நான் சொல்லல மாமா?"

"இருடா. அதான் படிக்குதுல்ல" என்றார் முதலாளி.

ஒரு கெட்ட யோசனையும் வந்தது. மறைக்கவில்லை. "கூடும்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அண்ணனுக்கு நாற்காலி. என் மரியாதையும் அப்படியே இருக்கும். பின்னால் ஏதாவது வந்தால்? மாட்டப் போவது முதலாளி. அந்த மனுஷர் எனக்குத் தன் சேரைக் கொடுத்துவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார்.

"இத யாருங்க எழுதினது?" என்று பிரசன்னாவைக் கேட்டேன்.

"ஃபாரின் எக்ஸ்பர்ட்ஸ் மேடம். எங்க ஹெட் ஆபீஸ்ல நெட்லேருந்து எடுத்துப் போட்டிருக்காங்க."

"இத நான்தாங்க எழுதினேன்."

பிறகு நடந்ததை நான் எதிர்பார்க்கவில்லை. பிரசன்னா எழுந்து நின்றார்.

"மேடம்... சாரி மேடம். எனக்கு யாரும் சொல்லல."

முதலாளி பஜ்ஜித் தட்டை என் பக்கம் நகர்த்தினார். அண்ணன் கதவோரத்திலிருந்து இரண்டு அடி உள்ளே வந்துவிட்டான். உண்மையைச் சொன்னால் மரியாதை போகும் என்று பார்த்தால், இரண்டு மடங்கு ஏறிவிட்டது. இனி இறங்குவது எப்படி?

"அப்ப நீயே சொல்லிடு பாப்பா. எழுதினது நீதான். இதுக்கு இன்னா அர்த்தம்?"

வாய் திறந்தது. வழக்கமாக வரும் பதில்கள் எல்லாம் வரிசையாக வந்து நின்றன. பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள் என்பது உட்பட.

"தெரியாதுங்க" என்றேன்.

"எது?"

"அர்த்தம் எனக்குத் தெரியாதுங்க. வேற யாரோ எழுதினத வார்த்த வார்த்தையா மாத்திக் குடுக்கிறதுதான் என் வேல. மாத்தி மாத்தி இப்ப இதுல இன்னா இருக்குன்னு யாராலயும் சொல்ல முடியாது. இத நம்பிக் கையெழுத்துப் போடாதீங்க."

அண்ணன் பக்கம் நான் திரும்பவில்லை. தைரியம் இல்லை.

முதலாளி ஸ்டூலைத் திருப்பி பிரசன்னாவைப் பார்த்தார்.

"எழுதினதுக்குத் தெரியல. ஒனக்குத் தெரியுமா?"

பிரசன்னா டையைக் கொஞ்சம் தளர்த்தினார். "அதுல போட்டிருக்கிற மாதிரிதான் சார்..."

"ஒனக்கும் தெரியல. கையெழுத்துப் போடுறவன் மட்டும் தெரிஞ்சுக்கினு போடணுமா? தெரிஞ்சவன் எவன் இருக்கான், அவனுக்குப் போனப் போடு."

போட்டார்கள். ஸ்பீக்கரில். சென்னையில் முதலில் எடுத்தவர் சேல்ஸ் மேனேஜர். கேள்வியைக் கேட்டுவிட்டு, ஒரு நிமிஷம் சார் என்று காகிதத்தைப் புரட்டினார். பிறகு கம்பீரமான குரலில் இங்கிலீஷில் படித்தார். என் வரி. ஒரு எழுத்து விடாமல். "இதமாக" வரும் இடத்தில் கொஞ்சம் அழுத்தம்கூடக் கொடுத்தார்.

"அந்தப் பேப்பர் எங்ககிட்டயும் இருக்குய்யா" என்றார் முதலாளி. "எழுதின பாப்பாவே இங்கதான் ஒக்காந்திருக்கு. வேற ஆளக் குடு."

அடுத்து எடுத்தவரும் அதையே படிக்க ஆரம்பித்தார். மூன்றாவதாக ஒரு பெண் குரல். கம்பெனி கம்பெனியாகப் போய் சாஃப்ட்வேரைப் போட்டுக் கொடுப்பவராம். ஏதோ பஸ் ஸ்டாண்டில் இருந்தார் போலிருக்கிறது, ஒரே ஹார்ன் சத்தம்.

"கம்ப்யூட்டர் ஒண்ணுதானா சார்?"

"ஒண்ணுதாம்மா. ஆளு மூணு."

"அப்ப உங்க கையில இருக்கிற அக்ரிமென்ட் ஆகாது சார். அது ஒரு ஆளு பேருக்கு. அவரு மட்டும்தான் தொடலாம். கம்ப்யூட்டர் பேருக்குன்னு தனியா இருக்கு, அத வாங்கிக்கங்க. யாரு வேணா உக்காரலாம். வெல ஒண்ணுதான்."

"இத எழுதிக் குடுப்பீங்களாம்மா?"

"புது பேப்பர் திங்கக்கெழம வந்துடும் சார். இப்ப அதுலயே அடிச்சுட்டு, இந்த மாதிரின்னு எழுதிக்கங்க. பிரசன்னா சைன் பண்ணுவாரு. வெச்சுடவா, பஸ் வந்துடுச்சு."

அவ்வளவுதான். நான் மாதக்கணக்கில் எழுதியதை அந்தப் பெண் பஸ் ஏறுவதற்குள் சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

முதலாளி பேனாவை என்னிடம் கொடுத்தார். "நீயே எழுது பாப்பா. தமிழ்ல எழுது. நாளைக்கு நான் இல்லன்னாலும் படிக்கிறவனுக்குப் புரியணும்."

எழுதினேன். "இந்தக் கம்ப்யூட்டரில் எந்த ஷிஃப்ட்டில் யார் உட்கார்ந்து வேலை பார்த்தாலும் இந்த லைசென்ஸ் செல்லும்." லைசென்ஸ் பற்றி நான் அர்த்தம் தெரிந்து எழுதிய ஒரே வரி இதுதான். பிரசன்னா கீழே கையெழுத்துப் போட்டார். முதலாளி போட்டார். சுரேஷ், "அப்ப சேர ஒசத்தி எறக்கி வெக்கக் கூடாது, சொல்லிட்டேன்" என்று அண்ணனிடம் சொல்லிவிட்டுப் போனான். தோல்வியை ஒப்புக்கொள்வதில் அது ஒரு வகை.

ஞாயிற்றுக்கிழமை முழுக்க யோசித்தேன். எழுதியவளுக்குத் தெரியாது. அச்சடித்தவருக்குத் தெரியாது. விற்பவருக்குத் தெரியாது. ஆனாலும் அந்தக் காகிதம் கலரில், வழவழப்பாக, எல்லாம் தெரிந்த மாதிரி உலகம் சுற்றிக்கொண்டிருந்தது. நாம் தினமும் கையெழுத்துப் போடும் காகிதங்களில் எத்தனை இப்படி வந்ததோ? கடன் பத்திரத்தின் பின்பக்கம்? ஃபிரிட்ஜ் வாங்கினால் தருகிறார்களே, அந்தப் புத்தகம்?

இன்னொன்றும் தோன்றியது. "தெரியாது" என்பது படிக்காதவர்கள் சொல்வது என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். என் அப்பா வாழ்நாள் பூராவும் எத்தனையோ ஆபீஸ் ஜன்னல்களில் நின்று "தெரியாதுங்க" என்று சொல்லியிருக்கிறார். ஓரமாக நில்லு என்றார்கள். நான் ரோலிங் சேரில் உட்கார்ந்து ஒரு தடவை அதையே சொன்னேன். சென்னைக்குப் போன் போட்டார்கள். அப்படியானால் அந்த வார்த்தையை உரக்கச் சொல்ல வேண்டியவர்கள் யார்? அதற்காகவும்தான் நம்மைப் படிக்க வைத்தார்கள் போலிருக்கிறது.

இதெல்லாம் ஞாயிற்றுக்கிழமை ஞானம். சனிக்கிழமை திரும்பி வரும்போது, அண்ணனின் வண்டியில் பின்னால் உட்கார்ந்திருந்த எனக்கு இந்த ஞானம் எதுவும் கிடையாது. பயம்தான் இருந்தது.

வழுதாவூர் ரோடு நெடுக அவன் பேசவே இல்லை. நாற்காலி கிடைத்துவிட்டது, சரி. ஆனால் அவன் கம்பெனியில், அவன் ஆட்கள் முன்னால், அவன் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடிய தங்கச்சி, தெரியாது என்று சொல்லிவிட்டாளே. திங்கட்கிழமையிலிருந்து அவர்கள் முகத்தில் இவன் எப்படி விழிப்பான்? அவன் முதுகைப் பார்த்தபடியே வந்தேன். இன் பண்ணிய சட்டை ஒரு பக்கம் வெளியே வந்திருந்தது.

சிக்னலில் நின்றோம். திரும்பாமலே கேட்டான்.

"அந்தப் பேப்பர நீயா எழுதின?"

"ஆமாண்ணா."

"பூராவுமா?"

"பூராவும்தான்."

பக்கத்தில் வந்து நின்ற ஆட்டோக்காரர் எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். அண்ணன் ஆக்சிலேட்டரை ஒரு முறுக்கு முறுக்கினான்.

"மெட்ராஸ்லேருந்து டை கட்டினு வந்திருக்கான். அவனுக்கே புரியல."

"அண்ணா, அது வந்து..."

"மேனேஜருக்குப் புரியல. அதுக்கு மேல இருக்கிறவனுக்கும் புரியல. எவனாலயும் முடியல." இப்போது திரும்பி என்னைப் பார்த்தான். முகமெல்லாம் சிரிப்பு. "அப்படி ஒரு இங்கிலீஷு எழுதிக்கீற நீ."

அப்படி இல்லைண்ணா என்று விளக்கத்தான் வாயைத் திறந்தேன். அதற்குள் பச்சை விழுந்துவிட்டது.